காரணம் எழுதிய நிராகரிப்பு

பணியாளர் பிரிவுக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களுக்கு, நான் வேலைக்கு ஆள் எடுத்த அனுபவங்களை எழுதித் தரச் சொல்லியிருக்கிறார்கள். ஆள் எடுத்த கதையை யார் வேண்டுமானாலும் சொல்வார்கள், அதில் பெருமை இருக்கிறது. ஆனால் கணக்குப் பார்த்தால் நம் வேலை ஆள் எடுப்பது அல்ல. ஒருவரை எடுக்க நூறு பேரைத் திருப்பி அனுப்புவதுதான். அந்த நூறு பேரைப் பற்றி எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. அதனால் அதைப் பற்றியே எழுதுகிறேன்.

அதிலும் ஒரு வகை நிராகரிப்பு இருக்கிறது. படிப்பு போதாது என்று அனுப்புவது சுலபம். வந்தவருக்கே தெரிந்திருக்கும். படிப்பு அதிகம் என்று அனுப்புவது இருக்கிறதே, அதைச் சொல்லும்போது நாக்கு கூசும். அரசு நிறுவனமான நம்மிடம் அலுவலக உதவியாளர் வேலைக்குப் பட்டதாரிகள் வரக்கூடாது என்று விதி. கோப்பு எடுத்துக் கொடுப்பது, தபால் கொண்டுபோவது, தேநீர் வாங்கி வருவது, இவ்வளவுதான் வேலை. அதிகம் படிக்க வாய்ப்பில்லாதவர்களுக்கென்று ஒதுக்கிய இடம் அது.

இந்த விதியைக் கேட்டதும் உங்களுக்குக் கோபம் வரும். எனக்கும் வந்தது. சென்னையில் நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில், எம்.ஏ. படித்த ஒருவர் எட்டாம் வகுப்பு என்று எழுதிக்கொடுத்து உதவியாளர் வேலைக்கு வந்தார். என் கல்லூரித் தோழியின் அண்ணன். எனக்குத் தெரியும், வாயைத் திறக்கவில்லை. பாவம், பிழைத்துப் போகட்டும் என்று விட்டுவிட்டேன். அவர் ஆறு மாதத்தில் தேநீர் டம்ளரைத் தொடமாட்டேன் என்றார். ஒரு வருடத்தில் எழுத்தர் பதவி கேட்டு நீதிமன்றம் போனார். அதுகூடப் பரவாயில்லை. பட்டியலில் அவருக்கு அடுத்து இருந்தவர் எட்டாவது மட்டுமே படித்த ஒரு பெண். இரண்டு வருடம் மாதாமாதம் வந்து, "மேடம், லிஸ்ட் ஏதாச்சும் நகந்துச்சா?" என்று கேட்டுவிட்டுப் போவார். அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்க்க முடியாமல் நான் பின்பக்க மாடிப்படியைப் பயன்படுத்தியிருக்கிறேன். இரக்கம் காட்டுகிறோம் என்று நினைக்கும்போது யாருடைய பங்கிலிருந்து எடுத்துக் காட்டுகிறோம் என்று பார்க்க வேண்டும் என அன்றைக்குப் புரிந்தது. இனி விதி என்றால் விதி, உண்மை என்றால் உண்மை என்று முடிவு செய்தேன். அந்த முடிவோடுதான் சைகோனுக்கு மாற்றலாகிப் போனேன்.

தொண்ணூறுகளின் பிற்பகுதி. பெயர் ஹோ சி மின் நகரம் என்று மாறி இருபது வருடத்துக்கு மேல் ஆகியும் ஊரில் எல்லோரும் சைகோன் என்றே சொன்னார்கள். நாங்களும் அப்படித்தான். பென் தான் சந்தைக்கு இரண்டு தெரு தள்ளி ஒரு பழைய கட்டடத்தின் முதல் மாடியில் நம் கிளை. மொத்தம் ஏழு பேர். மேலாளர் செட்டிநாட்டுக்காரர். பெயர் எழுதினால் கோபித்துக்கொள்வார், வேண்டாம். நான் நிர்வாக அதிகாரி. உள்ளூர்ப் பெண் லான் எங்கள் செயலாளர், மொழிபெயர்ப்பாளர், கட்டட உரிமையாளரோடு சண்டை போடுபவர், எல்லாமும்.

ஒரு உதவியாளர் வேண்டியிருந்தது. ஒரே ஒரு இடம். அந்த ஊரில் வேலைக்கு மனுப் போடுவதற்குக் காகிதக் கடையிலேயே தயார் உறை விற்பார்கள். உறைக்குள் முக்கியமானது 'லீ லிக்' என்கிற தாள். தன் வரலாற்றைத் தானே எழுதுவது. தான் என்ன படித்தோம் என்பது மட்டும் அல்ல, அப்பா யார், ஆட்சி மாறிய எழுபத்தைந்துக்கு முன்னால் என்ன செய்தார், பின்னால் என்ன செய்தார் என்று எல்லாம் எழுத வேண்டும். எழுதியதை வட்டார அலுவலகத்தில் காட்டி, சிவப்பு மையில் வட்ட முத்திரை வாங்க வேண்டும். முத்திரை விழுந்த பிறகு அதில் இருப்பதுதான் நீங்கள். உங்களுக்கே வேறு ஞாபகம் இருந்தாலும் செல்லாது.

உறைகளைப் பிரித்து அடுக்கினோம். பட்டதாரிகளை இடது பக்கம் வைத்தோம், அந்த அடுக்கு சரியத் தொடங்கியதும் லான் அதைத் தரைக்கு மாற்றினாள். மிஞ்சியதில் ஒன்பது பேரை நேர்காணலுக்கு அழைத்தோம். அதில் ஒரு பெயரைப் பார்த்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அந்துவான். அப்பா பிறந்த ஊர் புதுச்சேரி. வயது நாற்பத்தாறு. படிப்பு ஒன்பதாம் வகுப்பு. தொழில் நடைபாதையில் மோட்டார் சைக்கிள் பழுது பார்ப்பது.

அவர் வந்தார். இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை, நகக்கண்ணில் மட்டும் கிரீஸ். "பொன்ழூர் மதாம். வணக்கம்" என்றார். அப்பாவிடம் கற்ற தமிழ், பேசத் தெரியும், எழுதப் படிக்கத் தெரியாது. காரைக்காலில் என் மாமா வீட்டுப் பக்கம் பெரியவர்கள் பேசுகிற மாதிரியே இருந்தது. அப்பா பிரெஞ்சுப் படையில் சிப்பாயாக இருந்து இங்கேயே தங்கிவிட்டவர், இறந்து வெகு நாளாயிற்று. மனைவி வியட்நாமியப் பெண். ஒரே மகள் பள்ளிக்கூடத்தில் கடைசி வருடம்.

"நடபாதைய எல்லாம் காலி பண்ணச் சொல்றாங்க மதாம். எங்க தெருவுல வர்ற மாசம். அதுக்கப்பறம் எனக்கு ஒக்கார எடம் இல்ல. மாசா மாசம் சம்பளம்னு ஒண்ணு வந்தா பொண்ணு மேல படிப்பா. இல்லன்னா தையல் ஃபாக்டரிக்குத்தான் போவணும்" என்றார். கெஞ்சவில்லை. தகவல் சொன்னார்.

எனக்கு அவரைப் பிடித்துப்போயிற்று. ஒன்பதாம் வகுப்பு, ஒழுங்கான மனிதர், கூடவே தமிழ். மனத்துக்குள் பெயரை டிக் செய்தாகிவிட்டது. அங்கேயே நிறுத்தியிருக்க வேண்டும்.

அவர் போன பிறகு அவருடைய உறையைக் கோப்பில் வைக்கும்போது பின்பக்கம் பென்சிலில் ஏதோ எழுதியிருந்தது. லானிடம் கேட்டேன். வெளியே பெஞ்சில் காத்திருந்தபோது நம் மின்சாரப் பெட்டி உறுமுவதைக் கேட்டு, மூன்று ஏர்கண்டிஷனரும் ஒரே ஃபேஸில் ஓடுகின்றன, ஒரு நாள் எரிந்துபோகும் என்று சொல்லி, எதை எதில் மாற்ற வேண்டும் என்று அவள் கையிலிருந்த அந்த உறையிலேயே எழுதிக் காட்டினாராம். நான் இயற்பியல் படித்தவள். உறையின் பின்னால் மூன்று ஃபேஸ் கணக்கு, ரூட் மூன்றால் வகுத்து, தசமம் பிசகாமல் போட்டிருந்தது. கீழே இரண்டு கோடு இழுத்து விடை. ஒன்பதாம் வகுப்போடு நின்றவரின் கை அது இல்லை.

மேலாளரிடம் கொண்டுபோய்க் காட்டினேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்தால் யோசிக்கிறார் என்று அர்த்தம்.

"வட்டார ஆபீஸ்ல என்ன முத்திரை வச்சிருக்கான்?"

"ஒன்பதாம் வகுப்புன்னு, சார்."

"அப்ப ஒன்பதாம் வகுப்புத்தேன். நமக்கு வந்த காயிதம் அதைச் சொல்லுது. ஒறைக்குப் பின்னாடி எழுதுனதெல்லாம் மனுவா? நீ போய்க் கேக்காத."

"தெரிஞ்சே எப்படி சார்?"

"ஒனக்கு என்ன தெரியும்? கணக்கு நல்லாப் போடுவாருன்னு தெரியும். அவ்வளவுதான?"

நான் அவர் பேச்சைக் கேட்கவில்லை. சென்னை எம்.ஏ. கண் முன்னால் வந்து நின்றார். அதோடு இன்னொரு ஆசையும் இருந்தது, அதையும் ஒப்புக்கொள்கிறேன். இவ்வளவு படித்தவரைத் தேநீர் வாங்க அனுப்புவதா, இவரை வைத்துத் தொழில்நுட்ப உதவியாளர் என்று ஒரு பதவியையே உண்டாக்கிவிடலாமே என்று எனக்குத் தோன்றியது. விதியையும் காப்பாற்றலாம், நல்ல பெயரும் வாங்கலாம். நான் கெட்டிக்காரி என்று நான் நம்பிய நாட்கள் அவை.

மறுநாள் அவரைக் கூப்பிட்டு அனுப்பினேன். லான்கூட இல்லை, நாங்கள் இருவர் மட்டும்.

"எதுவரைக்கும் படிச்சிருக்கீங்க?"

"ஒம்பது, மதாம். அதுல எழுதியிருக்கே."

உறையைத் திருப்பி வைத்தேன். அவர் தன் கணக்கையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் சட்டைப் பையிலிருந்து பென்சிலை எடுத்து, எதுவும் எழுதாமல், திரும்பப் பையில் வைத்தார்.

"உண்மையச் சொல்லுங்க. இந்த வேலை இல்லாட்டி இதவிடப் பெரிய வேலைக்கு உங்க பேர எழுதறேன். பட்டம் இருந்தா கொண்டாங்க."

"நெசமாவா மதாம்? இது யாருக்கும் தெரியாது. பொண்ணுக்கே தெரியாது."

"என் பொறுப்பு" என்றேன்.

இந்த இரண்டு வார்த்தையை நீங்கள் சொல்லும் முன் உங்கள் அதிகாரம் எதுவரை போகும் என்று ஒரு முறை எண்ணிப் பாருங்கள். என்னுடையது மாடிப்படி வரைதான் போனது. அன்றைக்கு எனக்கு அது தெரியவில்லை.

அவர் பட்டத்தைப் பிஸ்கட் டின் ஒன்றில் வைத்துக் கொண்டுவந்தார். மின் பொறியியல் பட்டம், அந்த ஊரிலேயே படித்தது, எழுபத்தைந்துக்கு முந்தைய வருடம் வாங்கியது. பட்டம் வாங்கி மின் வாரியத்தில் சேர்ந்து பத்து மாதத்தில் ஆட்சி மாறிவிட்டது. அப்பா பிரெஞ்சுச் சிப்பாய், மகன் பழைய அரசாங்கத்துப் பொறியாளர் என்று இரண்டையும் ஒரே தாளில் எழுதினால் வீண் வம்பு என்று, அன்றைக்கு வட்டார அலுவலகத்தில் இருந்த ஒரு நல்ல மனிதரே, "ஒன்பதாவது என்று போடு, ரிப்பேர் வேலை என்று போடு, விட்டுவிடுவார்கள்" என்று சொல்லிக் கொடுத்தாராம். போட்டார். விட்டுவிட்டார்கள்.

"இப்ப அதெல்லாம் யாரும் கேக்கறதில்ல மதாம். ஆனா இருவது வருசமா ஒண்ணு எழுதிட்டு, போயி மாத்து மாத்துன்னு யாரு நிப்பா? எனக்கே ஒம்பதாவதுன்னு பழகிப்போச்சி" என்றார்.

பட்டத்தை லான் மொழிபெயர்த்தாள். நான் இரண்டு பக்கம் பரிந்துரை எழுதித் தலைமை அலுவலகத்துக்கு அனுப்பினேன். நல்ல ஆங்கிலம். மேலாளர் படிக்காமலே கையெழுத்துப் போட்டார். அந்தக் கையெழுத்துக்கு அர்த்தம் எனக்குப் பிறகுதான் விளங்கியது. உன் இஷ்டம் என்பதுதான் அது.

ஆறு வாரம். அதற்குள் அவருடைய தெருவில் நடைபாதையைக் காலி செய்துவிட்டார்கள். ஒரு பாலத்தடியில் பம்பும் பெட்டியுமாக உட்கார்ந்திருந்தார். அலுவலகத்துக்கு வந்து தொந்தரவு செய்யவில்லை. மதாம் பொறுப்பு என்று சொல்லியிருக்கிறார்களே என்று காத்திருந்தார்.

பதில் ஒரே பக்கம். தொழில்நுட்ப உதவியாளர் என்ற பதவி அந்தக் கிளைக்குக் கிடையாது. அப்படி ஒன்று இருந்தாலும் வயது கடந்துவிட்டது. பட்டதாரி என்பதால் அலுவலக உதவியாளர் பதவிக்குத் தகுதியற்றவர். மனுவை நிராகரிக்கவும், காரணம் எதுவும் குறிப்பிடாமல் வழக்கமான படிவத்தில் தெரிவிக்கவும். தகுதியற்றவரை நேர்காணலுக்கு அழைத்தது ஏன் என்று விளக்கம் அனுப்பவும்.

மேலே ஒரு கதவைத் திறக்கிறேன் என்று போய், திறந்திருந்த கீழ்க்கதவையும் சாத்தியிருந்தேன். கேட்காமல் இருந்திருந்தால் அந்த மனிதர் அந்த ஆறு வாரமும் சம்பளத்தில் இருந்திருப்பார். ஒரு பதிலை வைத்து உங்களால் எதுவும் செய்ய முடியாது என்றால் அந்தக் கேள்வியைக் கேட்காதீர்கள். எனக்குத் தெரிந்து இந்தத் தொழிலில் இதைவிடப் பெரிய பாடம் இல்லை, அதை நான் அடுத்தவர் செலவில் கற்றேன்.

அந்த இடத்துக்கு யாரை எடுத்தோம் என்றும் சொல்ல வேண்டும். துய் என்று ஒரு பெண், ஆறாவது வரை படித்தவர், கணவர் விட்டுவிட்டுப் போனவர், எதிர்த்தெரு முனையில் ஐஸ் போட்ட தேநீர் விற்றுக்கொண்டிருந்தார். வந்த முதல் நாளே எங்கள் எல்லோருடைய தேநீர்ப் பழக்கமும் அவருக்கு மனப்பாடமாக இருந்தது. நான் திரும்பி வரும்வரை ஒரு நாள்கூடத் தாமதமாக வந்ததில்லை. விதி யாருக்காக எழுதப்பட்டதோ அவர் கைக்கே போய்ச் சேர்ந்தது. அதனால் அந்துவானை நிராகரித்ததற்காக நான் வருத்தப்படவில்லை. அவரை நம்ப வைத்ததற்கு இன்றும் வருத்தப்படுகிறேன்.

அவருக்கு ஆள் அனுப்பினேன். தபாலில் அனுப்பிவிடலாம் என்று மேலாளர் சொன்னார். நான் நேரில் சொல்கிறேன் என்றேன், அதுவாவது செய்ய வேண்டும் இல்லையா. அந்துவான் மகளோடு வந்தார். மாய் என்று பெயர், பள்ளிக்கூடச் சீருடை, வெள்ளை நீள அங்கி. ஆங்கிலம் நன்றாக வாசிப்பாள் என்று அழைத்து வந்தாராம். வேலை கிடைத்திருக்கும், கடிதத்தை மகள் வாசித்துச் சொல்லட்டும் என்று நினைத்திருக்கிறார்.

மகளை லானோடு வெளியே உட்கார வைத்துவிட்டு, உள்ளே அவரிடம் தமிழில் சொன்னேன். சுற்றி வளைக்கவில்லை. பதவி இல்லை, வயது ஆகிவிட்டது, பட்டம் இருப்பதால் இந்த வேலையும் இல்லை, நான் கேட்டிருக்கக் கூடாது, தப்பு என்னுடையது என்றேன்.

பிஸ்கட் டின்னைக் கேட்டார். கொடுத்தேன். மூடியைத் திறந்து, பட்டம் இருக்கிறதா என்று பார்த்து மூடினார். நான் நீட்டிய படிவத்தைப் பார்த்தார். 'தங்கள் மனு பரிசீலிக்கப்பட்டது. தாங்கள் தேர்வு செய்யப்படவில்லை' என்று இரண்டே வரி. அதை நான் படித்துச் சொன்னேன்.

"இதுல ஏன்னு இல்லியே மதாம்."

"எழுதக் கூடாதுன்னு உத்தரவு."

"நான் இஞ்சினியரு, அதனால வேல இல்லன்னு சொன்னீங்கல்ல? அத எழுதிக் குடுங்க. முத்திர வச்சி. வேல வேணாம்."

எனக்குச் சட்டென்று விளங்கவில்லை.

"இருவத்தி மூணு வருசமா என்ன எங்கயும் வேணாம்னுதான் சொல்லியிருக்காங்க மதாம். இதுக்காக வேணாம்னு யாரும் சொன்னதில்ல."

அந்தப் படிவத்தைக் கிழித்துப் போட்டேன். தட்டச்சு இயந்திரத்தில் நானே உட்கார்ந்து அடித்தேன். 'தாங்கள் மின் பொறியியல் பட்டம் பெற்ற பொறியாளர் என்பது தங்கள் மூலச் சான்றிதழைப் பார்த்து உறுதி செய்யப்பட்டது. இப்பதவிக்குத் தேவையானதைவிடத் தங்கள் கல்வித் தகுதி அதிகமாக இருப்பதால் தங்களைத் தேர்வு செய்ய இயலவில்லை.' ஆங்கிலத்தில் ஒன்று, லான் சொல்லச் சொல்ல வியட்நாமிய மொழியில் ஒன்று.

அந்த ஊரில் வட்ட முத்திரை இல்லாத காகிதம் மளிகைச் சீட்டுக்குச் சமம். எங்கள் முத்திரை மேலாளரின் இழுப்பறையில், பூட்டுக்குள். போய் நின்றேன். வாசித்தார். கண்ணாடியைத் துடைத்தார்.

"காரணம் எழுதப்படாதுன்னு போட்டிருக்கான்ல. ஒன்கிட்டத்தேன் வெளக்கம் கேப்பான்."

"ஏற்கெனவே கேட்டிருக்காங்க சார். ரெண்டுக்கும் சேத்துக் குடுத்துடறேன். கையெழுத்து நான் போட்டிருக்கேன். முத்திரை மட்டும் வேணும்."

அவர் என்னைத் திட்டியிருந்தால் நான் திரும்பியிருப்பேன். அவர் இழுப்பறையைத் திறந்து முத்திரையையும் மைப்பெட்டியையும் மேசைமேல் வைத்துவிட்டு எழுந்து ஜன்னல் பக்கம் போனார். தெருவைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

"மை காஞ்சு கெடக்கு. ரெண்டு தடவ அழுத்து."

வெளியே கடிதத்தை மகளிடம் கொடுத்தார். முதலில் ஆங்கிலத்தில் இருந்ததைத்தான் அவள் வாசித்தாள், பள்ளிக்கூடத்தில் வாசிப்பது போல உரக்க. 'பொறியாளர்' என்ற இடத்தில் நின்றாள். வியட்நாமியத் தாளை எடுத்து அதே இடத்தை விரல் வைத்துத் தேடினாள். அதன் பிறகு அப்பாவை நிமிர்ந்து பார்த்து ஒரு கேள்வி கேட்டாள். எனக்கு அந்த மொழி அரைகுறை, ஆனாலும் புரிந்தது. "பா, நீங்க எப்ப படிச்சீங்க?" அவர், "நீ பொறக்கறதுக்கு முன்னாடி" என்பது மாதிரி ஏதோ சொல்லிவிட்டுச் சட்டைப் பையில் பென்சிலைத் தேடினார். தனக்குக் கணக்குச் சொல்லிக் கொடுத்தது ஒன்பதாவதோடு நின்ற ஒரு மெக்கானிக் என்று அந்தப் பெண் அதுவரை நம்பியிருக்கிறாள். அவள் அழவில்லை. கடிதத்தை மடிக்காமல் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு படி இறங்கினாள். பின்னால் டின்னோடு அவர். லான் தன் மேசையில் குனிந்து வெகு நேரம் எதையோ தேடினாள்.

எனக்கு எழுத்துப்பூர்வமான எச்சரிக்கை வந்தது. பணிப்பதிவேட்டில் ஏறியது. சரிதான், விதியை மீறினேன், வாங்கிக்கொண்டேன்.

அந்த ஊர்ப் புத்தாண்டான டெட் பண்டிகை முடிந்து ஒரு நாள் மாய் மட்டும் வந்தாள். பல்கலைக்கழகத்துக்கு மனுப் போடுகிறாளாம், கையில் அவளுடைய லீ லிக். அப்பாவின் கல்வி என்ற கட்டத்தை மாற்ற முடியாது என்று வட்டார அலுவலகத்தில் முதலில் சொல்லியிருக்கிறார்கள். பழைய ஆட்சியின் பட்டத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டுத் தயங்கியிருக்கிறார்கள். நம் கடிதத்தை எடுத்து வைத்ததும் வட்ட முத்திரையைப் பார்த்து, மேலதிகாரியைக் கூப்பிட்டு, மாற்றிக் கொடுத்துவிட்டார்களாம். எனக்குக் காட்டத்தான் வந்தாள். அப்பாவின் கல்வி: மின் பொறியாளர். அப்பாவின் தொழில்: மோட்டார் சைக்கிள் பழுது பார்ப்பது. இரண்டு கட்டமும் ஒன்றின் கீழ் ஒன்று இருந்தன.

அவர் பாலத்தடியிலேயேதான் இருந்தார், அதில் மாற்றமில்லை. நம்மால் அவருக்கு வேலை கொடுக்க முடியவில்லை. இதைச் சந்தோஷமான கதையாக யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம்.

இப்போது காரணம் எழுதலாம், எழுதாமலும் விடலாம் என்று சுற்றறிக்கையைத் தளர்த்தியிருப்பதாகக் கேள்விப்பட்டேன். விட்டுவிடுவது உங்களுக்குச் சுலபம், யாரும் கேட்கமாட்டார்கள். ஆனாலும் படிப்பு அதிகம் என்று ஒருவரைத் திருப்பி அனுப்பும்போது அதை அப்படியே எழுதுங்கள். பட்டத்தின் பெயரைப் பிழையில்லாமல் எழுதுங்கள். மை காய்ந்திருந்தால் இரண்டு தடவை அழுத்துங்கள்.